ஒன்றாம் பக்கமும் எட்டாம் பக்கமும்

புயலைப் பற்றி இதுவரை எங்கள் அச்சகத்தில் நாலு புத்தகம் அடித்திருக்கிறார்கள். நாலையும் மடித்தவள் நான். முதல் புத்தகம் முழுக்கக் காற்றின் வேகம், மழையின் அளவு. இரண்டாவது கவிதை, அதில் அலைகளெல்லாம் அழுதன. மூன்றாவதில் போர்வை கொடுத்தவர்கள் போர்வையோடு நின்று படம் பிடித்துக்கொண்டார்கள், வாங்கினவர்களின் முதுகு மட்டும் தெரிந்தது. நான்காவது நானூறு பக்கம். புயல் போன பிறகு மனிதர்கள் ஒருவருக்கொருவர் என்ன செய்துகொண்டார்கள் என்பதுதான் அதில் விஷயம். எழுதியவர் ஆறு வருடம் அலைந்து எழுதினாராம். நல்ல மனிதர்தான். என் வயிற்றெரிச்சலைக் கொட்டிக்கொண்டதும் அவர்தான்.

வியாழக்கிழமை மதியம் படத்தாள் வந்தது. எழுத்துப் பக்கங்களை இயந்திரமே மடித்துவிடும். படத்தாள் வழவழப்பானது, இயந்திரத்தில் விட்டால் கீறல் விழும்; அதனால் கையால்தான் மடிக்க வேண்டும். வேலை என்னவோ சுலபம். தாள் இரண்டு. ஒவ்வொன்றையும் நடுவில் மடித்து, ஒன்றுக்குள் ஒன்றைச் செருகினால் எட்டுப் பக்கம். அதைப் புத்தகத்தின் நடுவில் வைத்துத் தைப்பார்கள். இதில் மடிக்கிறவர்களுக்கு மட்டும் தெரிந்த ஒன்று உண்டு. மடிப்பதற்கு முன்னால், முதல் பக்கமும் கடைசிப் பக்கமும் ஒரே தாளில் பக்கத்தில் பக்கத்தில் கிடக்கும். மடித்துவிட்டால் ஒன்று முன்னுக்குப் போய்விடும், இன்னொன்று பின்னுக்குப் போய்விடும். அப்புறம் படிக்கிறவர் யாரும் அவற்றைச் சேர்த்துப் பார்க்க முடியாது.

கட்டைப் பிரித்து முதல் தாளை விரித்தேன்.

வலது பக்கம் ஒரு கைக்குழந்தை. மொட்டை மாடியில் விரித்த வெள்ளைச் சாக்கின்மேல் படுத்திருக்கிறது. கீழே எழுதியிருந்தது: ‘ஐந்து நாள் மழைநீரை மட்டும் குடித்துப் பிழைத்த அதிசயக் குழந்தை.’ இடது பக்கம் ஒரு பெண். ஷட்டர் வளைந்த ஒரு கடையிலிருந்து படியிறங்குகிறாள். தோளில் சாக்கு. காலில் புத்தம்புதுச் செருப்பு, விலைச்சீட்டுகூட இன்னும் கிழிக்கவில்லை. முகம் நம்மையே பார்க்கிறது. கீழே: ‘பேரழிவிலும் சூறையாடல்.’

அது என் முகம்.

கையிலிருந்த தாளைக் கீழே வைத்தேன். மறுபடி எடுத்தேன். எழுந்து போய்த் தண்ணீர் குடித்தேன், வந்து உட்கார்ந்தேன், திரும்பவும் எழுந்தேன். பக்கத்தில் அட்டைக்குப் பசை தடவிக்கொண்டிருந்த பசையக்கா, “என்னடி, முள்ளு மேலயா உக்காந்திருக்க?” என்றாள்.

அந்தப் படம் ஏழு வருடத்துக்கு முன்னால் ஒரு பத்திரிகையில் வந்தது. வந்த மறுநாளே எனக்குப் பெயர் வைத்துவிட்டார்கள்: சாக்குக்காரி. நிவாரணப் பட்டியலில் என் பெயரை அடித்துவிட்டு, “உனக்கெதுக்கு, நீதான் மூட்டை கட்டிட்டியே” என்றார்கள். வாடகைக்கு வீடு கேட்டுப் போனால் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, வீடு இப்போதுதான் போனது என்றார்கள். தண்ணீர்க் குழாயடியில் நான் போய் நின்றால் குடத்தை இழுத்து வைத்துக்கொண்டார்கள், என்னவோ நான் குடத்தையும் தோளில் போட்டுக்கொண்டு போய்விடுவேன் என்பது போல. புருஷன் அதற்கு முன்பே போய்ச் சேர்ந்துவிட்டார். இரண்டு வயதுப் பெண்ணைத் தூக்கிக்கொண்டு நகரத்தின் மறுகோடிக்கு வந்தேன். இங்கே யாருக்கும் அந்தப் பெயர் தெரியாது. என் மகளுக்கும் தெரியாது. ஒன்பது வயதாகிறது அவளுக்கு, நாலாம் வகுப்பு.

இந்தப் புத்தகம் பள்ளிக்கூடங்களுக்குப் போகிறது, ஒவ்வொரு வகுப்புக்கும் ஒரு பிரதி. வெளியீட்டு விழாவே சனிக்கிழமை காலை அவள் பள்ளிக்கூட மண்டபத்தில்தான். எங்கே போய் முட்டிக்கொள்வது, சொல்லுங்கள்.

நடந்ததைச் சொல்கிறேன். அந்த மொட்டை மாடியில் இருபத்திரண்டு பேர் இருந்தோம். அந்தக் குழந்தையின் தாய்க்குக் காய்ச்சல், பால் வற்றிவிட்டது. இரண்டு நாள் குழந்தை அழுதது. மூன்றாம் நாள் அழக்கூட இல்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. என் பெண்ணை வேறொருத்தி மடியில் போட்டுவிட்டுக் கீழே இறங்கினேன். கடைக்காரர் ஊரிலேயே இல்லை, ஷட்டரைக் காற்று வளைத்துப் போட்டிருந்தது. பால்பவுடர் டப்பா பதினொன்று கிடைத்தது. சாக்கில் ஒரு மூலை கிழிந்திருந்ததால், என் பச்சைத் துப்பட்டாவில் ஒரு துண்டைக் கிழித்து முடிச்சுப் போட்டேன். ஒரு ஜோடிச் செருப்பும் எடுத்தேன். என்னுடையது தண்ணீரோடு போயிருந்தது, தெருவெல்லாம் கண்ணாடி. எடுத்தேன், மாட்டிக்கொண்டேன். பொய் சொல்ல எனக்கு வராது. கடையிலிருந்து படியிறங்கும்போது எதிர் மாடியிலிருந்து யாரோ படம் எடுத்தார்கள்.

டப்பாக்களை வெளியே எடுத்த பிறகு, தரை ஈரமாக இருக்கிறதென்று சாக்கை விரித்துக் குழந்தையை அதன்மேல் படுக்க வைத்தேன். ஐந்தாம் நாள் படகு வந்தது, படம் எடுத்தார்கள். மழைநீராம், அதிசயமாம். பதினோரு டப்பா பால் எங்கே போயிற்று என்று ஒருவரும் கேட்கவில்லை.

இப்போது அந்தத் தாளில் இரண்டு படமும் ஒரு விரல் இடைவெளியில் கிடந்தன. என் தோளிலிருந்து தொங்கும் சாக்கின் மூலையில் பச்சை முடிச்சு. குழந்தையின் காலடியில் அதே பச்சை முடிச்சு. கண்ணிருக்கிற எவருக்கும் தெரியும். ஆனால் மடித்துவிட்டால் யார் பார்க்கப் போகிறார்கள்?

நாலு மணிக்கு எழுத்தாளர் வந்தார். முதலாளியின் அறையில் இருவரும் அட்டையைப் பார்த்துக்கொண்டிருந்தபோது, தாளைச் சுருட்டிக்கொண்டு உள்ளே போய்விட்டேன். அதுவரை நான் அந்த அறைக்குள் கூப்பிடாமல் போனதில்லை.

“சார், இந்தப் படத்துல இருக்கறது நான்தான்.”

அவர் கண்ணாடியைக் கழற்றினார். “எந்தப் படத்துல?”

“சூறையாடல்னு போட்டிருக்கீங்களே, அதுல. நான் எடுத்தது பால்பவுடர். உங்க அதிசயக் குழந்தை குடிச்சது அதைத்தான். இந்தத் தாளைக் கொஞ்சம் பாருங்க…”

“அம்மா, ஒரு நிமிஷம்.” அவர் போன் அடித்தது. கையால் வாயை மறைத்துக்கொண்டு பேசினார். பேசி முடித்ததும் மணியைப் பார்த்தார். “பாருங்க, அந்தத் தலைப்பு பத்திரிகைல வந்தது, நானா எழுதினதில்ல. அச்சும் முடிஞ்சுபோச்சு. நீங்க சொல்றத எழுதிக் குடுங்க, அடுத்த பதிப்புல கண்டிப்பா பாத்துக்கலாம்.”

“அடுத்த பதிப்பு எப்ப சார் வரும்?”

“இது தீரட்டும்.”

தாளை விரிக்கவே இல்லை அவர். எழுந்து, எனக்கு மரியாதையாகக் கும்பிட்டுவிட்டுப் போனார். கும்பிட்டதற்குப் பதில் ஒரு தடவை குனிந்து பார்த்திருக்கலாம்.

நானும் வெளியே வந்தேன். அப்போதுதான் பின்னால் பூட்டும் சத்தம் கேட்டது. முதலாளி மேஜை இழுப்பறையைப் பூட்டினார். ஐந்து வருடமாக அந்த இழுப்பறைக்கு ஒரு சாவி இருக்கிறது என்பதே எனக்குத் தெரியாது. அதில் பேனாவும் சில்லறையும் தலைவலி மாத்திரையும்தான் கிடக்கும். எனக்குத் தலை வலித்தால், “நீயே எடுத்துக்கம்மா” என்பார். திரும்பிப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்காமல் சாவியைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டிருந்தார். கன்னத்தில் அறைந்திருந்தால்கூட எனக்கு அவ்வளவு வலித்திருக்காது.

வீட்டில் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. குழம்பில் இரண்டு தடவை உப்புப் போட்டேன். வாசலுக்குப் போனேன், அடுப்புக்கு வந்தேன், கொடியில் காய்ந்த துணியை மடித்து, பிரித்து, மறுபடி மடித்தேன்.

“ஏம்மா, கால்ல சக்கரம் கட்டியிருக்கியா?” என்றாள் மகள். “சனிக்கிழமை ஸ்கூல்ல விழா. நாங்கதான் முதல் வரிசை. நீயும் வருவியாமே, புத்தகம் விக்க?”

“வருவேன்.”

“என் ஃப்ரண்டுகிட்ட சொல்லிட்டேன், இந்தப் புத்தகமெல்லாம் எங்கம்மாதான் செய்யறாங்கன்னு.”

அவள் முகத்தைப் பார்க்க முடியாமல் குழம்பைக் கிளறினேன். திங்கட்கிழமை இதே பிள்ளையைச் சாக்குக்காரி மகளே என்று கூப்பிடுவார்கள். அடுப்பை அணைத்துவிட்டு, மறுபடி துணியைக் கையில் எடுத்தேன். அந்தத் துணி மடிப்பைப் பார்த்துக்கொண்டே நின்றவளுக்குத்தான் திடீரென்று புத்தியில் உறைத்தது. தாளை உள்புறம் வெளியே வரும்படியும் மடிக்கலாமே.

வெள்ளிக்கிழமை காலை ஆயிரம் புத்தகத்துக்கான படத்தாள்களும் என் மேஜையில் இருந்தன. முதலாளி பள்ளிக்கூடத்துக்கு மேடை விஷயமாகப் போயிருந்தார். முதல் தாளை எடுத்தேன். வழக்கத்துக்கு மாறாக, அந்த இரண்டு படமும் உள்ளே வரும்படி திருப்பி மடித்தேன். இரண்டாவது தாளுக்குள் அதைச் செருகினேன். வழக்கமாக வெளியே வரவேண்டிய தாள் உள்ளே போயிற்று, அவ்வளவுதான். திறந்தால் நட்டநடுவில் இடது பக்கம் நான், வலது பக்கம் குழந்தை. படப் பக்கங்களுக்கு எண் போடுவதில்லை. யாருக்கும் தப்பென்று தெரியாது. முதலாளியைத் தவிர. அவர் பார்த்தால் வேலை போய்விடும். போகட்டும், பூட்டிய மேஜைக்கு முன்னால் எத்தனை நாள் உட்கார்ந்திருப்பது?

பத்துத் தாள் மடிப்பதற்குள் பசையக்கா கண்டுபிடித்துவிட்டாள். இருபது வருட அனுபவம், லேசா?

“அடியே, உள்வெளியா மடிக்கற! புத்தி எங்க மேயப் போச்சு?”

“சரியாத்தான் மடிக்கறேன்.”

“எது சரி? கடைசிப் படம் நடுவுல வருது. ஆயிரத்தையும் பாழாக்கிட்டு நிக்கப் போற.” என் கையிலிருந்து பிடுங்கி விரித்தாள். என் முகத்தைப் பார்த்தாள், படத்தைப் பார்த்தாள். பசை காய்ந்த விரலை அந்த முடிச்சிலிருந்து இந்த முடிச்சுக்கு நகர்த்தினாள்.

“அக்கா, நான்…”

“நீ ஒண்ணும் சொல்ல வேண்டாம். எனக்குக் கண்ணு நல்லாத்தான் தெரியுது.” கையைத் துணியில் அழுத்தித் துடைத்துக்கொண்டாள். “தள்ளி உக்காரு. தனியா மடிச்சா சாயந்தரம் தையலுக்குப் போகாது.”

பாதிக் கட்டை அவள் இழுத்துக்கொண்டாள். மதியத்துக்குள் முடித்துவிட்டோம். நடுவில் அவள் ஒன்றே ஒன்றுதான் கேட்டாள்: “செருப்பு எத்தன நாள் உழைச்சுது?” “மூணு வருஷம் அக்கா.” “பரவால்லையே” என்றாள்.

சனிக்கிழமை மண்டபம் நிறைந்திருந்தது. கை தட்டுவதற்கென்றே நாலாம் வகுப்பை முன்வரிசையில் உட்கார வைத்திருந்தார்கள். நான் ஓரத்தில், புத்தகம் அடுக்கிய மேஜைக்குப் பின்னால். உட்கார நாற்காலி கொடுத்தார்கள், எனக்கு உட்காரத் தோன்றவில்லை.

மேடையில் எழுத்தாளர் முதல் பிரதியைக் கையில் வாங்கினார். படத்தாள் விறைப்பானது, புத்தகம் தானாகவே நடுவில்தான் திறக்கும். திறந்தது. அவர் புத்தகத்தை முகத்துக்குப் பக்கத்தில் கொண்டுபோனார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தார். முதலாளி எட்டிப் பார்த்தார், அவருக்கு முகம் வெளுத்துவிட்டது.

“சார், மடிப்புல தப்பு நடந்துபோச்சு சார். அந்தப் பொம்பள வேணும்னே… எல்லாத்தையும் பிரிச்சு நாளைக்கே மாத்தித் தந்துடறேன்.”

மைக் பக்கத்திலேயே இருந்ததால் மண்டபம் முழுக்கக் கேட்டது. என் காது இரண்டும் கொதித்தன.

“பிரிக்க வேண்டாம்” என்றார் எழுத்தாளர். மேடையிலிருந்து இறங்கி நேராக என் மேஜைக்கு வந்தார். கூட்டமே கழுத்தைத் திருப்பியது.

“இதக் காட்டத்தான் அன்னிக்கு வந்தீங்களா?”

“ஆமா.”

“நான் பாக்கல.”

“இல்ல சார், பாக்கல.”

எனக்கு அவரைத் தேற்ற மனம் வரவில்லை. அவரும் அதை எதிர்பார்க்கவில்லை போலிருந்தது. தலைகுனிந்து, கையிலிருந்த பிரதியைத் திறந்தபடியே என் மேஜைமேல் வைத்தார். அதற்குள் வகுப்புக்கு ஒன்று என்று புத்தகம் கொடுத்துவிட்டிருந்தார்கள். முன்வரிசையில் ஒரு பிரதி கைமாறிக் கைமாறி என் மகளிடம் வந்து சேர்ந்தது.

அவள் திறந்தாள். அதே இடம்தான் திறந்தது. இடது பக்கத்தைப் படித்தாள், உதடு அசைந்தது: சூ-றை-யா-டல். தலையைத் தூக்கி என்னைத் தேடினாள். ஏழு வருடமாக நான் ஒளித்து வைத்த முகத்தை இப்போது எங்கே கொண்டுபோய் வைப்பது? ஒளிக்கவில்லை. பார்த்துக்கொண்டே நின்றேன்.

புத்தகத்தோடு எழுந்து வந்தாள். “அம்மா, இது நீயா?”

“நான்தான்.”

அவள் விரல் பச்சை முடிச்சில் இருந்தது. மெதுவாக வலது பக்கத்துக்கு நகர்ந்து, குழந்தையின் காலடியில் நின்றது. “இதுவும் அதே சாக்கு.”

“அதே சாக்குதான். அதுல பால்பவுடர் இருந்துச்சு. அந்தப் பாப்பாவுக்கு. நீயும் அங்கதான் இருந்த, நீயும் குடிச்ச.”

“செருப்பு?”

இதைத்தான் நான் ஏழு வருடமாகப் பயந்துகொண்டிருந்தேன் போலிருக்கிறது. “அதையும் எடுத்தேன். கேக்காம.”

அவள் புத்தகத்தைக் கிட்டே கொண்டுபோய்ப் படத்திலிருந்த செருப்பைப் பார்த்தாள். பின்னால் வந்து எட்டிப் பார்த்துக்கொண்டிருந்த தோழி, “யாருடி இது?” என்று கேட்டாள்.

“எங்கம்மா” என்றாள் என் மகள். ஒலிபெருக்கி தேவைப்படாத குரல் அவளுக்கு. “இது எங்கம்மா எடுத்துட்டு வந்த பால். குடிச்சுப் பிழைச்ச பாப்பா இது. நானும் குடிச்சிருக்கேன். காலப் பாரு, செருப்புகூட எங்கம்மா எடுத்ததுதான்.”

அப்போதுதான் எனக்கு உட்காரத் தோன்றியது. நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன்.