வயலில் இறங்க ஏலாதவன்

நெளுக்குளம் சந்தியில் மரம் ஏற்றிவந்த லொறி ஒன்று வீரகத்தியையும் அவன் சைக்கிளையும் சேர்த்து அடித்தது அறுபத்தோராம் ஆண்டு. சைக்கிளைப் பழைய இரும்புக்குப் போட்டாயிற்று. வலது காலை அப்படிப் போட முடியவில்லை. முழங்கால் மடங்காமல் விறைத்துப்போய் உடம்போடு ஒட்டிக்கொண்டிருந்தது. வழக்கை விசாரித்த நீதிபதி, கமக்காரன் தடியை ஊன்றிக்கொண்டும் வயலில் கமம் செய்யலாம் என்று எண்ணினாரோ என்னவோ, லொறி முதலாளி கட்டவேண்டிய நட்டஈடாக ஒரு போகச் செலவுக்கும் காணாத தொகையைத் தீர்த்துவிட்டுப் போனார். சேறு மிதித்தறியாத கால்களுக்கு அப்படித்தான் தோன்றும்.

வீரகத்திக்காக வழக்குப் பேசிய பிறக்கிராசி விடவில்லை. அப்பீல் எழுதினார். இங்கிலீசில் எழுதியதைத் தமிழில் வாசித்தும் காட்டினார்: "இனி ஆயுள் முழுக்க வயலில் இறங்க ஏலாதவன்." வீரகத்திக்கு அது நல்ல கதையாகத்தான் பட்டது. சந்தோஷமாகக் கையெழுத்து வைத்துவிட்டு, பஸ் ஏறி வந்து, மனைவி கமலாசனியிடம் ஒரு சொல் விடாமல் ஒப்புவித்தான்.

அவள் அடுப்பில் இருந்த சட்டியை இறக்கி வைத்தாள்.

"அப்பிடியெண்டா காணி?"

அப்போதுதான் அவனுக்கு உறைத்தது. பாவற்குளத்தின் கீழ் அரசாங்கம் கொடுத்த காணி அது. யாழ்ப்பாணத்தில் ஒரு துண்டு நிலமில்லாமல் இருந்தவனைக் கூட்டிவந்து, காடு வெட்டவைத்து, பெர்மிற் பத்திரமும் கொடுத்திருந்தார்கள். காணிக்காரன் தானே கமம் செய்யவேண்டும், குத்தகைக்கு விடக்கூடாது, செய்யாதவனின் காணி திரும்ப எடுக்கப்படும் என்று அதில் இருந்தது. எழுதிவைத்ததோடு நிற்கிறவர்களும் அல்லர். இரண்டு வாய்க்கால் தள்ளி ஒரு குடும்பம் சட்டிபானையை வண்டியில் ஏற்றிக்கொண்டு போனதைப் போன வருஷம் வீரகத்தி படலையில் நின்று பார்த்திருந்தான்.

ஏலாது என்றால் காணி போகும். ஏலும் என்றால் அப்பீல் போகும். அன்று முதல் அவனுக்குச் சோறு இறங்கவில்லை. தெருவில் யார் நின்று கதைத்தாலும் தன் காலைப் பற்றித்தான் கதைக்கிறார்கள் என்று பட்டது. லொறி முதலாளியின் கணக்கப்பிள்ளையும் காணிகளைப் பார்வையிடும் ஓவசியர் ஐயாத்துரையும் தேத்தண்ணிக் கடையில் ஒரே வாங்கில் இருந்ததைக் கண்டவன், வாசலோடு திரும்பி வந்துவிட்டான்.

கார்த்திகை மழையில் ஒரு நாள் வாய்க்காலும் வயல் வரம்பும் உடைத்துக்கொண்டன. காலையில் கமலாசனி மண்வெட்டியோடு வயலில் நின்றாள். கால் போன பிறகு கமம் முழுக்க அவள் கைதான். ஊருக்கு அது தெரியும், காணிக் கந்தோர் அதிகாரிகளுக்குத் தெரியாது. வீரகத்தி தடியை ஊன்றி வரம்பில் நின்றான். வாய்க்கால் ரோட்டில் ஜீப் சத்தம் கேட்டது.

கையும் ஓடவில்லை காலும் ஓடவில்லை என்பார்கள். இவனுக்கு ஓடுவதற்கு இருந்ததே ஒரு கால்தான். தடியைப் புல்லுக்குள் எறிந்தான். இடக்காலை வைத்து, மற்றதை இழுத்துப் போட்டு, சேற்றுக்குள் இறங்கினான்.

"என்ன செய்யிறியள்?"

"மண்வெட்டியைத் தா. நீ அங்கால போய்ப் புல்லுப் பிடுங்கு."

அவளுக்கும் ஜீப் கேட்டிருந்தது. கொடுத்துவிட்டு விலகிப் போனாள்.

ஓவசியர் வரம்புக்கு வந்தபோது வீரகத்தி மண்ணை வெட்டி உடைப்பில் போட்டுக்கொண்டிருந்தான். ஒவ்வொரு வெட்டுக்கும் விறைத்த கால் இன்னும் கொஞ்சம் கீழே போயிற்று. முழங்காலும் மறைந்த பிறகு இழுத்துப் பார்த்தான். வரவில்லை. மடங்காத காலைச் சேற்றிலிருந்து எப்படி எடுப்பது? முகத்தை மட்டும் சிரித்தபடி வைத்துக்கொண்டான்.

"லொறி அடிச்ச ஆள் நீர்தானே? இப்ப எப்பிடி?"

"பிழையில்லை ஐயா."

"மேல வாரும். வாய்க்கால் எங்கை உடைச்சதெண்டு காட்டும்."

வீரகத்தி இன்னொரு வெட்டு மண்ணை உடைப்பில் போட்டான். கமலாசனிதான் நிமிர்ந்தாள்.

"அவர் இப்ப விட்டிட்டு வந்தா தண்ணி முழுக்கப் பாஞ்சிடும் ஐயா. நான் வந்து காட்டுறன்."

ஐயாத்துரை கெட்டவரல்லர். அதுதான் வினையாயிற்று. வாய்க்காலைப் பார்த்துவிட்டு வந்தும் போகாமல் நின்று மழையைப் பற்றியும் நெற்பூச்சியைப் பற்றியும் கதைத்தார். வீரகத்தி எல்லாவற்றுக்கும் ஓம் போட்டான். குளிர்ந்த சேற்றுக்குள் நின்றவனுக்கு முதுகு வியர்த்து வழிந்தது. ஒரு அடி எடுத்துவை என்று அந்த மனுசன் சொல்லிவிட்டால் எல்லாம் முடிந்தது.

"ஒரு கணக்கப்பிள்ளை உம்மை விசாரிச்சவன்," என்றார் ஓவசியர். "எனக்குத் தெரியாதெண்டனான். இனி ஆர் கேட்டாலும், கோட்டிலையெண்டாலும் சரி, வீரகத்தி தன்ரை கையால கமம் செய்யிறதை என்ரை கண்ணால கண்டனான் எண்டு சொல்லுவன். காணியைப் பற்றி யோசிக்காதையும்."

"பெரிய உபகாரம் ஐயா."

ஜீப் புறப்பட்டது. சத்தம் அடங்கும்வரை அவன் மண் வெட்டிக்கொண்டே நின்றான்.

"கமலம், என்னை இழு," என்றான். குரல் அழுகையாக வந்தது.

அவள் ஓடிவந்து இரண்டு கையாலும் சேற்றைத் தோண்டினாள். தொடையைக் கட்டிப்பிடித்து இழுத்தாள். நோவில் கத்தப்போனவன் ஜீப்புக்குக் கேட்டுவிடுமோ என்ற பயத்தில் தன் வாயைத் தானே பொத்திக்கொண்டான்.

"ஓவசியர் கோட்டில இதைச் சொன்னா, பிறக்கிராசிக்கு என்ன சொல்லுறது?" என்று கேட்டாள்.

"அப்பீல் வேண்டாம் எண்டு சொல்லு."

"ஏனெண்டு கேப்பாரே."

அவள் மறுபடி இழுத்தாள். கால் அசையவில்லை.

"கால் சுகம் வந்திட்டுதெண்டு சொல்லு," என்றான் வீரகத்தி.