நாற்பது விநாடி ஏச்சு

“உந்தக் கண்ணீரை வீட்டுக் கதைக்குப் பின்னாலை கொண்டுபோய்ப் போடும், நிஷானி. வேலை முடிஞ்சுது,” என்றான் றஞ்சித். ஆவணப்படத்தின் இயக்குநர் அவன், தொகுப்பவள் அவள். திரையில் அச்சுவேலிக் குணலட்சுமி சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

அந்தக் கண்ணீர் வந்த வழி நிஷானிக்குத் தெரியும். படம் பிடிக்கப் போன அன்று குணலட்சுமி கறித்தூளுக்கு மிளகாய் வறுத்துக்கொண்டிருந்தாள். புகை அடித்துக் கமெராக்காரர் எல்லாரும் தும்ம, அவள் சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்தாள். இராணுவம் இருபத்தேழு வருடம் வைத்திருந்துவிட்டுத் திருப்பிக் கொடுத்த காணியில், வீடு நின்ற இடத்தைக் காட்டியபோது அவள் அழவேயில்லை. ஏசினாள். “எத்தினை பேர் வந்து இதையே கேட்டிட்டியள்? நான் அழுதாத்தான் உங்கடை படம் ஓடுமோ?” அந்த நாற்பது விநாடியைத்தான் றஞ்சித் வெட்டச் சொல்கிறான்.

“அண்ணை, அது மிளகாய்ப் புகை.”

“பாக்கிறவைக்கு மணக்கப்போகுதே? வெளிநாட்டிலை காட்டுற படம். ஏசுற பொம்பிளைக்கு ஒருத்தரும் இரங்கமாட்டினம்.”

பதினொரு வருடமாக இந்தக் கதிரையில் உட்கார்ந்து நிஷானி செய்ததும் இதைத்தான். முந்தின படமொன்றில் அரியாலை மீனவர் யாகோப்புவிடம் வலையின் விலையைக் கேட்டபோது அவர் யோசித்துக்கொண்டு பேசாமல் இருந்தார். அந்த மௌனத்தை வெட்டியெடுத்து, காணாமல் போன மகனைப் பற்றிய கேள்விக்குப் பின்னால் ஒட்டியவள் அவளே. திரையிட்ட அன்று மண்டபமே எழுந்து கைதட்டியது. அந்த மனிதர் மட்டும் அவளிடம் வந்து, “பிள்ளை, மகனைப் பற்றி நான் நிறையக் கதைச்சனானெல்லே?” என்று கேட்டார். நேரம் போதவில்லை என்று ஏதோ சொல்லிச் சமாளித்தாள். அன்றைக்கு வந்திருக்க வேண்டிய கோபம் இன்றைக்கு வந்தது, முதலில் தன்மேலேயே.

“நான் வெட்டமாட்டன்.”

“அப்ப சுரேஸ் வெட்டுவான். உம்மடை பேரும் படத்திலை வராது.” றஞ்சித் தேத்தண்ணி குடிக்க எழுந்து போனான்.

நிஷானி கைபேசியை எடுத்தாள். “அக்கா, மிளகாய் வறுக்கேக்கை நீங்கள் கண் துடைச்சதை, வீட்டுக்காக அழுததாப் போடச் சொல்லுகினம்.”

மறுமுனையில் குணலட்சுமி வெடித்தாள். “உவர் ஆர், என்ரை கண்ணீரைத் தூக்கி அங்கையும் இங்கையும் வைக்க? பிள்ளை, நீ ஒண்டையும் தொடாதை. நான் பஸ் எடுத்து வாறன். ரவுணிலை எங்கை உங்கடை இடம்?”

றஞ்சித் திரும்பி வந்தபோது, அவனுடைய கதிரைக்கும் அவளுடைய கதிரைக்கும் நடுவில் இன்னொன்று கிடந்தது.

“உது ஆருக்கு?”

வெட்டச் சொன்ன இடத்தில் நிஷானி படத்தை நிறுத்தி வைத்திருந்தாள். குணலட்சுமியின் நீட்டிய விரல் கமெராவுக்கு மிகக் கிட்ட வந்து, கலங்கலாகி, பாதித் திரையை மறைத்துக்கொண்டு நின்றது.