அச்சேறிய மாமன்

நாச்சிமுத்து மடியில் அகராதியை வைத்திருந்தான். அவன் மகள் முத்துப்பேச்சி அதே மடிக்காக அழுதுகொண்டிருந்தாள். ஞாயிற்றுக்கிழமையும் அதுவுமாகப் பெற்ற பிள்ளையைத் தூக்காமல் புத்தகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிற ஆம்பளையைத் திண்டுக்கல்லில் வேறெந்தத் தெருவிலும் பார்க்க முடியாது என்று அடுப்படியிலிருந்து ராமுத்தாய் சொன்னாள். அவன் காதில் அது ஏறவில்லை. அவனுக்கு அவசரமாக ஒரு வார்த்தை வேண்டியிருந்தது.

அவன் விவசாய ஆபீசில் குமாஸ்தா. ஆபீசர் கிறிஸ்துராஜுக்குத் திருநெல்வேலிக்கு மாற்றலாகியிருந்தது. ஐம்பத்தொன்பதாம் வருஷத்தில் ஒரு ஆபீசர் ஊரைவிட்டுப் போவதென்றால் பெட்டியைக் கட்டிக்கொண்டு சும்மா போய்விட முடியுமா? மாலை உண்டு, குரூப் போட்டோ உண்டு, கேசரி, காராபூந்தி, காபி உண்டு. எல்லாவற்றுக்கும் மேலாக, ரோஸ் காகிதத்தில் பொன்னெழுத்தில் அச்சடித்துக் கண்ணாடிச் சட்டம் போட்ட இங்கிலீஷ் வாழ்த்துப் பத்திரம் ஒன்று உண்டு. அதைச் சத்தமாக வாசித்துக் கையில் கொடுத்தால்தான் மாற்றல் முழுசாக முடிந்த மாதிரி. வாசிப்பது புரிய வேண்டுமென்று யாரும் எதிர்பார்ப்பதில்லை. புரிந்துவிட்டால் எழுதினவனுக்குத்தான் மரியாதைக் குறைச்சல். ஊரில் எந்த ஆபீசில் யார் போனாலும் பத்திரம் எழுதுகிறவன் நாச்சிமுத்துதான். ஒருவருக்குப் போட்ட வார்த்தையை இன்னொருவருக்குப் போடமாட்டான், அது அவன் வைராக்கியம். நாற்காலியிலேயே தூங்கி வழிந்த ஒரு சானிட்டரி இன்ஸ்பெக்டரை 'களைப்பென்றால் என்னவென்று அறியாதவர்' என்ற பொருளில் நாலு முழ நீளத்துக்கு ஒரு வார்த்தை போட்டு அனுப்பிவைத்தவன் அவன். அந்த மனிதரும் கண்ணைத் துடைத்துக்கொண்டே வாங்கிப் போனார்.

அன்றைக்கு அவன் கண்ணில் பட்டது 'அவங்குலர்'. மாமனுக்குரிய, மாமனைப் போல் கனிவான என்று அர்த்தம் போட்டிருந்தது. நாச்சிமுத்துவுக்கு அர்த்தம் இரண்டாம் பட்சம்தான். வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தான். அது சூடான பணியாரம் மாதிரி வாய்க்குள் உருண்டது. கிறிஸ்துராஜ் சிடுசிடுத்த மனிதர், தாமதமாக வந்தால் கடிகாரத்தைப் பார்ப்பாரே தவிர ஒரு வார்த்தை பேசமாட்டார். இருந்தால் என்ன, போகிறவருக்கு ஒரு மாமன் பட்டம் கொடுத்தால் குடியா முழுகிவிடும்? எழுதிவிட்டான். அதற்கப்புறம்தான் மகளைத் தூக்கினான்.

அந்த வீட்டில் மாமன் என்கிற பேச்சு எவ்வளவு பெரிய ரணம் என்பது அந்த நேரத்தில் அவனுக்கு நினைவே இல்லை, பாருங்கள். முத்துப்பேச்சிக்கு இரண்டரை வயதாகியும் காது குத்தவில்லை. காது குத்தத் தாய்மாமன் மடி வேண்டும். ராமுத்தாய் ஒற்றைப் பிள்ளை. சித்தையன்கோட்டைப் பக்கம் அவள் பிறந்த வீடு இப்போது பூட்டிக் கிடக்கிறது. கூடப்பிறந்தவனும் இல்லை, ஒன்றுவிட்டவனும் இல்லை. நாச்சிமுத்துவின் அக்கா பொன்னழகு தன் புருஷன் நல்லுசாமி மடியில் வைத்துக் குத்திவிடலாம் என்று ஒவ்வொரு தடவை வரும்போதும் சொன்னாள். அவரும் பிள்ளைக்கு மாமாதானே என்று நாச்சிமுத்துவும் ஒத்து ஊதினான். அது உங்கள் வீட்டு மாமா, என் வீட்டு மாமா எங்கே என்று ராமுத்தாய் கேட்டாள். பிறந்த வீட்டிலிருந்து தனக்கென்று ஒரு ஆள் வந்து உட்கார வேண்டும்; இல்லாவிட்டால் மகள் மூளிக்காதாகவே இருக்கட்டும் என்று ஒற்றைக்காலில் நின்றாள். பொன்னழகு சும்மா விடுவாளா? வரும் தை மாசம் பத்தாம் தேதி கொடைரோட்டுக்குப் பக்கத்திலுள்ள தங்கள் ஊர்க் கோயில் வாசலில் வைத்துக் குத்துவதென்று நாளே குறித்துவிட்டாள். ராமுத்தாய் அன்றிலிருந்து சரியாகச் சாப்பிடவில்லை.

பிரிவுபசாரம் சனிக்கிழமை சாயங்காலம் ஆபீஸ் வளவில் நடந்தது. பின்வரிசையில் பெண்களுக்கு ஜமுக்காளம் விரித்திருந்தார்கள்; ராமுத்தாயும் பேச்சியோடு அங்கே உட்கார்ந்திருந்தாள். நாச்சிமுத்து கோட்டுப் போட்டுக்கொண்டு நின்று பத்திரத்தை வாசித்தான். 'அவங்குலர்' வந்த இடத்தில் கொஞ்சம் நிறுத்தி, குரலை ஏற்றி, கோயில் மணி அடிப்பதுபோல் அடித்துவிட்டு மேலே போனான். வழக்கம்போல எல்லோரும் கைதட்டினார்கள்.

கிறிஸ்துராஜ் பதில் சொல்ல எழுந்தார். வழக்கமாக இந்த இடத்தில் நன்றி என்று இரண்டு வாக்கியம் வரும், காபி வரும். அவர் சட்டத்தைக் கையில் வைத்துக்கொண்டு வெகுநேரம் பார்த்தார். அப்புறம் தமிழிலேயே பேசினார். சின்ன வயதில் பாதிரியாராகப் போகிறேனென்று குருமடத்தில் சேர்ந்து லத்தீன் படித்துப் பாதியில் வெளியே வந்தவராம் அவர். ஆபீசில் அது யாருக்குமே தெரியாது. இந்த வார்த்தை லத்தீனிலிருந்து வந்ததாம். அப்பாவோடு பிறந்தவனுக்கு அங்கே வேறு வார்த்தை. இது அம்மாவோடு பிறந்தவனுக்கு மட்டும், நம்முடைய தாய்மாமனேதான் என்றார். இங்கிலீஷ்காரன் அதை எடுத்து மாமன், சித்தப்பன் எல்லோருக்கும் பொதுவாக்கிவிட்டான். ஆனாலும் ஒரு வழக்கத்தை வைத்திருக்கிறான்: மாமனாகவே இருக்கிறவனை இந்த வார்த்தையால் புகழமாட்டான். உறவில்லாத ஒருத்தன் உறவுக்காரன்போல் நடந்துகொண்டால்தான் இது. சொந்த மாமனைப் பார்த்து மாமன் மாதிரி இருக்கிறாய் என்று யாராவது சொல்வார்களா என்று கேட்டார். கூட்டம் சிரித்தது.

"எனக்குக் கூடப்பிறந்தது யாருமில்ல. கல்யாணமும் பண்ணிக்கல. மாமான்னு என்னைக் கூப்பிட ஒரு பிள்ளை கிடையாது. நாச்சிமுத்து தெரிஞ்சு எழுதினாரோ தெரியாம எழுதினாரோ, எனக்கு இந்த வார்த்தை சரியா இருக்கு" என்றார். சொல்லிவிட்டுச் சட்டென்று உட்கார்ந்து காபியைக் குடித்தார். நாச்சிமுத்துவுக்கு முகம் சிவந்துபோயிற்று. வார்த்தையை அவன் வெறும் சத்தத்துக்காகத் தேடினான். அவர் அதைத் தனக்கென்று தைத்த சட்டை மாதிரி போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார்.

வீட்டுக்கு வந்து கோட்டைக்கூடக் கழற்றவில்லை. ராமுத்தாய் வாசற்படியிலேயே மறித்துக்கொண்டு, பேச்சிக்கு அவர் மடியில்தான் காது குத்துவது என்றாள். நாச்சிமுத்து ஒவ்வொரு காரணமாக எடுத்துப் போட்டான். அவர் ஆபீசர் என்றான், வேதக்காரர் என்றான், அதே பத்தாம் தேதி ரயிலேறுகிறவர் என்றான். அதெல்லாம் அவளுக்கும் தெரியும். பேச்சி பிறக்கும்போது வலி எடுத்த ராத்திரி, வண்டி கிடைக்காமல் இவன் தெருவில் அலைந்துகொண்டிருந்தபோது, ஆபீஸ் ஜீப்பை ஓட்டிக்கொண்டு வந்து ஆஸ்பத்திரி வாசலில் இறக்கிவிட்டவர் கிறிஸ்துராஜ்தான். மறுநாள் பத்து நிமிஷம் லேட்டாகப் போனதற்கு அவரே கடிகாரத்தைப் பார்த்தார், அது வேறு விஷயம்.

"அம்புட்டுப் பேரு முன்னால மாமன் மாதிரின்னு வாசிச்சீங்களே, அது நெசமா பொய்யா?"

"அது வந்து புள்ள... அது இங்கிலீஷு."

"இங்கிலீஷுல சொன்னா பொய்யி இல்லையா?"

நாச்சிமுத்துவிடம் ஆயிரம் பெயரடை இருந்தது. ஒன்றையும் தொடாமல் கோட்டுப் பொத்தானைக் கழற்றத் தொடங்கினான். அவளுக்காகவாவது அந்த வார்த்தை நிஜமாகிவிடாதா என்று அப்போதுதான் அவனுக்கே ஆசை வந்தது.

மறுநாள் காலையில் மூன்று பேருமாகப் போனார்கள். இவனைத் தனியாக அனுப்பினால் மென்று விழுங்கிவிட்டுத் திரும்பி வருவான் என்று அவளுக்கு நன்றாகத் தெரியும். கிறிஸ்துராஜ் முண்டா பனியனோடு பெட்டிக்குக் கயிறு கட்டிக்கொண்டிருந்தார். நாச்சிமுத்து மழையைப் பற்றிப் பேசினான், திருநெல்வேலித் தண்ணீரைப் பற்றிப் பேசினான். ராமுத்தாய் பொறுத்துப் பார்த்தாள். பிறகு முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு தானே விஷயத்தைச் சொன்னாள். எனக்கென்று ஒருத்தரும் இல்லை ஐயா என்கிற இடத்தில் அழுதே விட்டாள்.

அவர் கயிற்றை விட்டார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றி பனியனில் துடைத்தார். துடைத்ததையே திரும்பத் துடைத்தார்.

"இந்த வேலை எனக்குப் பழக்கமில்லையேம்மா."

"ஒண்ணுமில்லைங்கய்யா. மடியில வச்சுக்கணும். அழுவா. விட்டுறக் கூடாது. அம்புட்டுத்தான்."

கோயிலுக்குள் கூப்பிடக்கூடாது, வாசலில் எங்கே உட்காரச் சொன்னாலும் சம்மதம் என்றார் கிறிஸ்துராஜ். தாய்மாமன் என்றால் சீர் கொண்டுவர வேண்டுமே, அதில் என்னென்ன உண்டு என்று கேட்டார். ராமுத்தாய் பதறிப்போய் அதெல்லாம் வேண்டாம் என்றாள். சீரில்லாமல் வருகிற மாமனை ஊர் மதிக்காது என்று அவருக்கும் தெரிந்திருந்தது. அடுத்து என்ன சடங்கு என்று விசாரித்தார். பெரியவளானால் ஒன்று, கல்யாணத்துக்கு ஒன்று, அதற்கப்புறம் அவள் பிள்ளைக்கு ஒன்று என்று நாச்சிமுத்து வாய் தவறி அடுக்கினான். அந்த ஒரு வார்த்தைக்கு இவ்வளவு வேலையா என்று அவர் சிரித்தார். நாலு வருஷத்தில் அவர் சிரித்து அவன் பார்த்தது அதுதான் முதல் தடவை.

பத்தாம் தேதி காலை பாசஞ்சரில் கொடைரோட்டில் இறங்கி, மாட்டுவண்டி பிடித்து வந்தார். அன்று சாயங்காலம் அங்கிருந்தே திருநெல்வேலிக்கு ரயில் என்பதால் அவருடைய சாமான் முழுவதும் வண்டியிலேயே இருந்தது. ஊர்க்காரர்களுக்கு அது எப்படித் தெரியும்? தட்டுத்தட்டாகப் பழம், தேங்காய், பட்டுப்பாவாடை, சேலை, தங்கத் தோடு என்று இறங்கியதும் வாயைப் பிளந்து பார்த்தவர்கள், பின்னாலேயே டிரங்குப் பெட்டியும் படுக்கைச் சுருளும் மடக்கு நாற்காலியும் ஸ்டவ்வும் இருப்பதைப் பார்த்து அதையும் இறக்கி வரிசையில் வைத்துவிட்டார்கள். மாமன் வீட்டையே பெயர்த்துக்கொண்டு வந்துவிட்டார் என்று ஊர் முழுக்கப் பேச்சு. பொன்னழகு தட்டுகளை இரண்டு தடவை எண்ணிப் பார்த்தாள். மாமன் வராவிட்டால் உட்கார வேண்டுமே என்று நெஞ்சில் சந்தனம் பூசித் தயாராக இருந்த நல்லுசாமி, நல்ல மனுஷன், ஸ்டவ்வை எடுத்துத் திரும்ப வண்டியில் வைத்தார்.

வேப்பமரத்தடியில் மணை போட்டிருந்தது. கால்சட்டை தவிர வேறு உடுப்பில் யாரும் பார்த்திராத கிறிஸ்துராஜ் புது வேட்டியில் சம்மணம் போட்டு உட்கார்ந்தார். வேட்டி புதுசு, விறைப்பு, அவரும் விறைப்பு. பேச்சியை மடியில் வைத்தார்கள். அவள் அவரை ஏற இறங்கப் பார்த்தாள். மூக்குக்கண்ணாடியைப் பிடுங்கினாள். அவர் கொடுத்துவிட்டார். ஆசாரி ஊசியை எடுத்து முதல் காதில் இறக்கியதும் அந்தப் பிள்ளை வீரிட்ட வீரிடலில் வேப்பமரத்துக் காக்காயெல்லாம் பறந்தது. வேட்டி நனைந்தது. நனைந்தது என்றால் லேசாக இல்லை, மணை வரைக்கும் ஓடிற்று. பெண்கள் சிரித்துக்கொண்டே குலவை போட்டார்கள். பொன்னழகு ஓடிவந்து, எழுந்து உடுப்பை மாற்றிக்கொள்ளும்படி அவரைக் கெஞ்சினாள்.

"இன்னொரு காது இருக்குல்ல" என்றார் அவர். பிடியை விடவில்லை.

பிள்ளையின் தலையைத் தன் நெஞ்சோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு, அது என்னவோ தன் காதிலேயே குத்துவதுபோல் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டிருந்தார். இரண்டாவது காதும் ஆயிற்று. பேச்சி விக்கி விக்கி அழுது, அவர் தோளிலேயே முகத்தைத் தேய்த்துவிட்டு, வாயில் போட்ட கல்கண்டைச் சப்பத் தொடங்கினாள். சந்தனக் கிண்ணத்தோடு எதிரில் வந்து நின்ற ராமுத்தாய், ஐயா என்று வாயெடுத்தவள், நிறுத்திக்கொண்டு, "அண்ணே" என்றாள். கிண்ணத்தை அவர் பக்கம் நீட்டினாள். சாப்பாட்டுப் பந்தியில் அவருக்கு இரண்டு பேருக்கான வெஞ்சனத்தை வைத்தாள். அவளும் அன்றைக்குத்தான் வயிறாரச் சாப்பிட்டாள்.

சாயங்காலம் ஸ்டேஷனுக்கு நாச்சிமுத்து குடும்பத்தோடு போனான். கிறிஸ்துராஜ் பழைய கால்சட்டைக்கு மாறியிருந்தார். கூடப் பிறந்தவனுக்கு எடுத்த துண்டென்று ராமுத்தாய் போர்த்திய துண்டைச் சட்டைக்கு மேலேயே போட்டிருந்தார். சாமானெல்லாம் ஏறியது, கண்ணாடிச் சட்டத்தை மட்டும் அவர் கையிலேயே வைத்திருந்தார். ரயில் ஊதியபோது ஜன்னல் வழியாக அவனைக் கூப்பிட்டார்.

"நாச்சிமுத்து, இதுல ஒரு வார்த்தையை அடிக்கணும்யா. இனிமே எனக்கு அது செல்லாது."

நாச்சிமுத்துவுக்கு விளங்கக் கொஞ்ச நேரம் பிடித்தது. விளங்கினதும் சிரிப்பும் அழுகையும் சேர்ந்துகொண்டு வந்தது. வேறென்ன வார்த்தை போடுவது என்று கேட்டுக்கொண்டே பெட்டியோடு நடந்தான், ஓடினான். அவர் சொன்னது சத்தத்தில் கேட்கவில்லை. ராமுத்தாயின் இடுப்பிலிருந்த பேச்சி, சிவந்த காதோடு, சொல்லிக்கொடுத்த 'மாமா'வைச் சம்பந்தமில்லாமல் போர்ட்டரைப் பார்த்துச் சொல்லிக்கொண்டிருந்தாள்.

ரயில் வளைவில் திரும்பியது. கிறிஸ்துராஜின் முகம் மறைந்துவிட்டது, கை மறைந்துவிட்டது. ஜன்னல் கம்பியில் முடிச்சுப் போட்டு அவர் காயவிட்டிருந்த அந்தப் புது வேட்டி மட்டும், மஞ்சளும் சந்தனமும் ஈரமுமாக, வெளியே நீளமாகப் பறந்துகொண்டே போயிற்று.