தொறப்பு விழாவுல தட்டின கை

அந்தக் குட்டி மிஷின் தெரையில எந்தம்பி ராமனைப் பாத்ததும் வயிறு பத்திகினு எரிஞ்சிது. கையைத் தட்டிகினு கீறான், பாவி!

அம்பத்தூர்ல எங்க கம்பெனி சரித்திரத்தைப் படமாப் பண்ணாங்க. கோடம்பாக்கத்துலேந்து உலகநாதன்னு ஒரு எடிட்டர் வந்து, பழைய ரீலையெல்லாம் வெட்டி ஒட்டிகினு இருந்தாரு. நான் அந்த ரூமைப் பெருக்கறவ. என் ஊட்டுக்காரர் முனியன் பிரஸ் மிஷின்ல மாட்டி செத்தப்புறம் குடுத்த வேலை. அவரைப் பொதைச்ச மறுவாரமே புது ஷெட்டுக்குத் தொறப்பு விழா வெச்சான் மொதலாளி. "மாமாவுக்காக ஒருத்தனும் கை தட்டலக்கா"ன்னு அங்கயே வேலை செய்யற ராமன் என் தலையில அடிச்சு சத்தியம் பண்ணான். அதை நம்பித்தான் அந்த கேட்டுக்குள்ளயே கால் வெச்சேன்.

இப்ப தெரையில மொதலாளி ரிப்பன் வெட்றான், எந்தம்பி தட்றான். தொடப்பத்தை அப்டியே போட்டுட்டு ஊட்டுக்கு வந்துட்டேன். அவனுக்குச் சோறு போடல.

"இன்னாக்கா, இன்னா ஆச்சு?"ன்றான்.

"ஒண்ணுந் தெரியாத மாரி கேக்கறியே, நீ நல்லா இருப்பியாடா?"

மறுநாள் போயி, "சார், அந்தக் கை தட்ற எடத்தை இன்னொரு தபா ஓட்டு"ன்னேன். ஓட்டினாரு. ராமன் தட்றான். கேமரா கொஞ்சம் நகந்துது. அவன் பக்கத்துல நெத்தி நெறைய சந்தனத்தோட எம்புருசன்! அவரும் தட்றாரு.

"ஐயோ சார், இவுரு தொறப்பு விழாவுக்கு முன்னாடியே செத்துட்டாரே!"

எடிட்டர் மிஷினை நிறுத்தினாரு. "அன்னிக்கு எடுத்த ரீல்ல ஒருத்தர் கையும் அசையலம்மா. கைதட்டல் இல்லாம விழா எடுபடாது. அதான் ஆயுத பூஜை ரீல்லேந்து ஒரு துண்டை எடுத்து ஒட்டினேன்." அப்புறம் மூஞ்சியைத் தொடைச்சிகினு, "நல்லவேளை சொன்னீங்க"ன்னாரு.

இன்னாத்துக்கு நல்லவேளைன்னு எனக்குப் புரியல. ஓடிப்போயி ராமனைக் கட்டிகினு அழுதேன்.

கம்பெனி மைதானத்துல படம் போட்டாங்க. அவரைப் பாக்கப்போறோம்னு முன்னாடியே போயி குந்திகினேன். ரிப்பன் வெட்டினாங்க. ராமன் தட்றான், மத்தவங்க தட்றாங்க, சத்தத்தை வேற சேத்துகீறாங்க. கேமரா நகர்ற எடத்துல டக்குனு வேற படம் வந்துடுச்சு. எம்புருசனை மட்டும் வெட்டிட்டான் படுபாவி! நான் வாயை மூடிகினு இருந்திருந்தா அவரு அங்கயே இருந்திருப்பாரு.

பக்கத்து ஊட்டு வரலட்சுமி என்னை இடிச்சா. "இன்னாடி குப்பம்மா, மாமன் செத்த மறுவாரமே உன் தம்பி இந்தத் தட்டு தட்றான்?"

"எம்புருசனும் அவன் பக்கத்துல நின்னு தட்டினாருடி"ன்னேன்.

அவ கொழந்தையைத் தூக்கி மடியில வெச்சிகினு கொஞ்சம் தள்ளி குந்தினா.