லூஷாவின் ஊர்வலம்

...ஓடுகிறார்கள், ஐயோ, சவப்பெட்டியைத் தோளில் வைத்துக்கொண்டு டிராம் பிடிக்கப் போகிறவர்கள் மாதிரி ஓடுகிறார்கள், உள்ளே லூஷா இருக்கிறாள், மெதுவாகப் போங்களேன்... தாயீசியா படம் ஓடும் அறையின் இருட்டில் விரலைக் கடித்துக்கொண்டாள். முன்வரிசையில் யாரோ ஒருவன் சிரித்தான், அப்புறம் எல்லோரும், ஸ்டூடியோத் தலைவர் குஸ்மிச்சின் தொப்பைகூடக் குலுங்கியது. "பொம்பள கையில கேமராவக் குடுத்தா பொணமும் டான்ஸ் ஆடும்டா!" என்றான் முன்வரிசைக்காரன். தப்பு கையுடையதுதான், படம் பிடிக்கும்போது கேமராவின் கைப்பிடியை மெதுவாகச் சுற்றினால் திரையில் ஆட்கள் ஓடுவார்கள், இது தெரியாதவளா அவள்? கை சீராகச் சுற்ற ஒவ்வொரு கேமராக்காரனும் மனதுக்குள் ஒரு பாட்டு வைத்திருப்பான், ஆண்களுக்குப் பட்டாளப் பாட்டு, அவளுக்கு லூஷா முணுமுணுக்கும் பாட்டு... பிலிம் ஒட்டும் மேசை, பேரிக்காய் வாசனை அடிக்கும் பசை, பெண்களுக்கு அதற்குமேல் எதுவும் கிடையாது, "போய்க் கேமரா வேலயக் கேளுடி, கடிச்சா தின்னுடப் போறான்?" என்று தள்ளிவிட்டவளே பக்கத்து மேசை லூஷாதான். கேட்டாள், ஒரே ஒரு வாய்ப்புத் தருகிறேன் என்றார் குஸ்மிச், அதற்குள் ஒட்டும் அறையில் பிலிம் தீப்பிடித்து லூஷா செத்தாள், கிடைத்த வாய்ப்பே லூஷாவின் சவ ஊர்வலமாகிவிட்டது. வேறு பாட்டு எடுத்திருக்கக் கூடாதா, பாவி, அன்று பனியில் அதே பாட்டு, பாதியில் அழுகை வந்து, பாட்டு மெதுவாகி, கூடவே கையும்...

பக்கத்தில் இருந்த கேமராக்காரன் மித்ரோஃபான் காதருகே குனிந்தான். "குளிர்ல எண்ணெய் உறைஞ்சு கைப்பிடி இறுகிடுச்சுன்னு சொல்லிடு தாயீசியா, வேல போகாது." சொல்லலாம், அழுதேன் என்றால் நாளைக்கு எந்தப் பெண்ணையும் கேமராப் பக்கம் விடமாட்டார்கள், அழவில்லை என்றால்... லூஷாவுக்காக அழக்கூட இல்லையா நான்? திடீரென்று ஓட்டம் தணிந்தது. தூக்குகிறவர்கள் நடந்தார்கள், தோள்கள் அசைந்து அசைந்து, லூஷா மனிதர்கள் போகிற வேகத்தில் போனாள். சிரிப்பு நின்றது, ஒருத்தர் தொப்பியைக் கழற்றினார். "இப்ப சரியா வருதே," குஸ்மிச் திரும்பினார், "அப்ப முன்னாடி என்னம்மா ஆச்சு?" எண்ணெய் என்று சொல்லத்தான் வாயைத் திறந்தாள். "அழுதுட்டேன் தோழர்." குஸ்மிச் மறுபடி திரைப் பக்கம் திரும்பிக்கொண்டார். பின்னால் படம் ஓட்டும் கருவி கரகரத்தது, அதுவும் கையால் சுற்றுவதுதானே, முன்பைவிட எவ்வளவு மெதுவாக... இன்றைக்கு நானே ஓட்டுகிறேன் என்று அடம்பிடித்து நின்றவன் சவேலி, லூஷாவின் கணவன். படத்தைச் சரிசெய்யத்தான் மெதுவாகச் சுற்றுகிறானா, இல்லை அவன் கையும்... தாயீசியாவுக்குத் திரும்பிப் பார்க்கத் தைரியம் வரவில்லை.