ஆற்றுவாய் வெட்டிய பிறகு

நிஸ்மியா படம் எடுக்கிறாள் என்றால் கதாநாயகன் யார் என்று கேட்பார்கள். கண்டல் மரத்து வேர் என்பேன், சிரிப்பார்கள். அவளுக்கு உதவியாளனாக இருந்துகொண்டு நானும் சிரித்தவன்தான். வாவிக்கரைக் கண்டல் காட்டில், நீருக்கடியில், கண்ணாடிப் பெட்டிக்குள் ஒரு கமராவை வேரோடு இறுகக் கட்டியிருந்தாள். மாரி முழுவதும் அது கண்டதெல்லாம் படம். மனிதர் கைபடாத காடு எப்படி வாழ்கிறது என்று காட்ட வேண்டுமாம்.

அந்த மாரி கொட்டித் தீர்த்தது. வாவி பெருகி, வவுணதீவில் எங்கள் வயல்வட்டை முழுவதும் வெள்ளத்தில் தாழ்ந்தது. ஆற்றுவாயில் கடலையும் வாவியையும் பிரிக்கும் மணல்திட்டை வெட்டி வெள்ளத்தைக் கடலுக்கு விடச்சொல்லி வயற்காரர் நெருக்கினார்கள். அவர்களில் முன்னுக்கு நின்றவர் என் அண்ணன் சுதாகரன். நிஸ்மியா நேரே அவரிடம் போனாள்.

“அண்ணன், ஆத்துவாய வெட்டினா தண்ணி இழுக்கிற இழுவைல கமரா போயிரும். இப்ப முங்கி எடுக்கவும் ஏலாது. கொஞ்சம் பொறுங்களன்.”

“பயிர் கதிர் தள்ளப்போற குடலைல நிக்குது தங்கச்சி. பொறுத்தா கதிரே வராது.”

நிஸ்மியா என் பக்கம் திரும்பினாள். அண்ணன் விளைவிக்கும் சோற்றைத் தின்றுகொண்டு என்னத்தைச் சொல்ல? அவள் என்னை முறைத்துவிட்டுப் போனாள்.

மறுநாள் காலை பெக்கோ இயந்திரம் வந்து திட்டை வெட்டியது. வெள்ளம் கடலுக்குள் பாய்ந்தது. தண்ணீர் வற்றிப் பயிர் தலைகாட்டியதும் நாங்கள் கமராவைத் தேடிப் புறப்பட, “நானும் வாறன்” என்று அண்ணனே தோணியை எடுத்தார். மனம் உறுத்தியிருக்க வேண்டும்.

பெட்டி வேரிலேயே தொங்கிக்கொண்டிருந்தது. எங்கள் வீட்டில் வைத்து மடிக்கணினியில் போட்டுப் பார்த்தோம்.

முதலில் கலங்கல் இருட்டு. பிறகு குப்பையும் தடியும் பறந்தன. நீர்மட்டம் கண்ணாடியைக் கடந்து இறங்க, வேர்கள் சொட்டச் சொட்ட வெளியே வந்தன. அடுத்த கடற்பெருக்கில் கடல்நீர் பச்சையாக, தெளிவாக ஏறியது. அதில் தூசி போல ஏதோ மிதந்தது. பார்த்தால் தூசி நீந்துகிறது. இறால் குஞ்சுகள். உடம்புக்கு நிறமே இல்லை, கண்கள் மட்டும் இரண்டு கறுப்புப் புள்ளி. ஒன்று வேரைப் பிடித்தது, பிறகு பத்து, பிறகு வேரே தெரியவில்லை. இந்தக் கரையிலேயே பிறந்து வளர்ந்தும் இப்படியொன்றை நான் கண்டதில்லை.

“இவ்வளவும் எங்க இருந்து வந்ததுகள்?” அண்ணனின் குரல் இறங்கியிருந்தது.

“கடல்ல இருந்து. நீங்க வெட்டின வாயால” என்றாள்.

“நாங்க தண்ணிய வெளிய விடத்தானே வெட்டினம்.”

நிஸ்மியா திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. கன்னம் நனைந்திருந்தது.

“ஓம் அண்ணன். இதுகள் வாசல்ல வந்து காத்துக்கிடந்திருக்கு. திறக்காதீங்க எண்டு உங்களிட்ட வந்து நிண்டவள் நான்.”