பத்துப் பேருக்கு எத்தனை பாட்டில்

அலுவலகத்தில் அவருக்கு 'லிட்டர் சார்' என்று பெயர். குடிப்பவர் என்பதால் வந்த பெயர் அல்ல. கட்டடங்களுக்குப் பெயின்ட் அடித்துக் கொடுக்கும் நிறுவனம் அது. எஸ்டிமேட் போடுவது அவர் வேலை. ஒரு ஹாலுக்குள் நுழைந்து, கையைப் பின்னால் கட்டிக்கொண்டு ஒரு சுற்று வந்தாரென்றால் போதும், எத்தனை லிட்டர் பிடிக்கும் என்று சொல்லிவிடுவார். டேப்பை அப்புறம்தான் எடுப்பார், அதுவும் கூட வந்தவரின் திருப்திக்காக. பழைய சுவர் குறைவாகக் குடிக்கும், புதுச் சுவர் ஊற்ற ஊற்றக் குடிக்கும், வெயில் படுகிற சுவர் இன்னும் கொஞ்சம் கேட்கும் என்று ஒவ்வொரு சுவரின் குணமும் அவருக்கு அத்துப்படி.

அப்பேர்ப்பட்டவர், ஒரு ஞாயிற்றுக்கிழமை மதிய விருந்துக்கு எவ்வளவு வைன் வாங்குவது என்று தெரியாமல் அந்த வாரம் முழுக்கத் திண்டாடினார்.

விருந்தே வாய் தவறி வந்த வினைதான். ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில், டிராயிங் போடும் பெண் சும்மா இருக்காமல், "சார் வீட்டை யாராவது பார்த்திருக்கீங்களா?" என்று கேட்டாள். சேர்ந்து ஒரு வருடம்கூட ஆகாதவள். அதனால்தான் அவளுக்குக் கேட்கத் தோன்றியது.

"பார்க்க என்னம்மா இருக்கு? நாலு சுவர், ஒரு கதவு" என்றார் லிட்டர் சார்.

"என்ன கலர் அடிச்சிருக்கீங்கன்னு பார்க்கணுமே."

"வெள்ளைதான். பந்தயம் கட்டுறேன்" என்றார் மேஸ்திரி, வாயில் சோற்றை வைத்துக்கொண்டு. அக்கவுன்டன்ட் சிரித்தார். "கூப்பிட்டாத்தானே பார்க்கிறதுக்கு. கூப்பிட்டா வைனோட கூப்பிடுங்க சார்."

"ஞாயித்துக்கிழமை மத்தியானம் வாங்க எல்லாரும்."

சொன்னது யார் என்று லிட்டர் சாரே திரும்பிப் பார்க்காத குறை. வருகிறவர்களைக் கை தூக்கச் சொல்லி எண்ணினார்கள். ஒன்பது பேர் வருவதாக ஆயிற்று. அவரோடு பத்து.

அவர் மனைவி மகள் வீட்டில் இருந்தாள். விமானத்தில் ஒரு பகல் முழுக்கப் போகவேண்டிய தூரம். பேரன் பிறந்தபோது போனவள். ஆறு மாதம் என்றுதான் பேச்சு. குழந்தை தவழட்டும் என்றாள். அப்புறம் நடக்கட்டும் என்றாள். அந்தப் பேரன் இப்போது பையைத் தூக்கிக்கொண்டு பள்ளிக்கூடம் போகிறான். திரும்பி வருகிறேன் என்றும் அவள் சொல்லவில்லை, வரமாட்டேன் என்றும் சொல்லவில்லை. இவரும் கேட்கவில்லை. கேட்டால் பதில் வந்துவிடும்.

வாரம் ஒருமுறை ஃபோனில் பேசிக்கொள்வார்கள். சாப்பிட்டீங்களா, மழை உண்டா, கேஸ் வந்துச்சா. சண்டை ஒன்றும் கிடையாது. சண்டை இருந்திருந்தால் பேச இன்னும் கொஞ்சம் விஷயம் இருந்திருக்கும்.

வேலை முடிந்து வரும் வழியில், தெருமுனை வைன் கடைக்குள் நுழைந்தார். அத்தனை வருடம் அந்தக் கடையைத் தாண்டிப் போயிருக்கிறாரே தவிர, உள்ளே கால் வைத்ததில்லை. கல்லாவில் மூக்குக் கண்ணாடியைத் தலைமேல் ஏற்றிவைத்த ஒரு பெண்மணி உட்கார்ந்திருந்தார்.

"பத்துப் பேருக்கு எவ்வளவு வாங்கணும்?" என்று நேராக விஷயத்துக்கு வந்தார்.

"ஒரு பாட்டில்ல அஞ்சு கிளாஸ் வரும். ஆளுக்கு ரெண்டு கிளாஸ்னு வெச்சுக்கலாம். கொஞ்சம் வாயாடற கூட்டம்னா மூணு." கடைக்காரம்மா கண்ணாடியைக் கீழே இறக்கினார். "குடிக்காதவங்க யாராவது உண்டா?"

"தெரியல."

"வண்டி ஓட்டிட்டு வர்றவங்க?"

"அதுவும் தெரியலையே."

"சிவப்பு பிடிக்குமா, வெள்ளை பிடிக்குமா? இனிப்பா இருந்தாத்தான் சில பேர் தொடுவாங்க."

அவர் அடுக்கில் இருந்த பாட்டில்களைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"சொந்தக்காரங்களா?"

"இல்ல, ஆபீஸ்ல கூட வேலை பார்க்கிறவங்க."

"ஓ, புதுசா சேர்ந்திருக்கீங்களா?"

மேஸ்திரியோடு அவர் ஏறி இறங்காத சாரம் இல்லை. அக்கவுன்டன்ட் தலைமுடி கறுப்பாக இருந்த காலத்திலிருந்து அடுத்தடுத்த மேசை. "ஆமா, புதுசுதான்" என்றார் லிட்டர் சார்.

"அப்போ ஜாடையாக் கேட்டுட்டு வாங்க. வாங்கி வீணாக்காதீங்க."

மறுநாள் கேட்கத்தான் பார்த்தார். மேஸ்திரி எதிரே உட்கார்ந்து சாப்பிட்டார். 'நீ குடிப்பியா?' என்று இத்தனை காலம் கழித்து ஒரு மனிதனிடம் எப்படிக் கேட்பது? தொண்டைவரை வந்ததைத் தண்ணீர் குடித்து உள்ளே தள்ளினார். அக்கவுன்டன்டிடம் போனார், ஒரு பில்லைப் பற்றிப் பேசிவிட்டுத் திரும்பினார்.

அன்று சாயங்காலம் மனைவிக்கு ஃபோன் போட்டார். அங்கே விடிந்து கொஞ்ச நேரம்தான் ஆகியிருக்கும்.

"என்னங்க, உடம்புக்கு ஏதாவதா?" என்றாள் எடுத்ததும். பேசுகிற நாள் அது இல்லையே.

"உடம்புக்கு ஒண்ணும் இல்ல. ஒரு விஷயம் கேட்கணும். பத்துப் பேருக்கு எத்தனை பாட்டில் வைன் வாங்கறது?"

"எந்தப் பத்துப் பேர்?"

சொன்னார்.

"நம்ம வீட்டுலயா?"

"ம்." நம்ம வீடு என்று அவள் சொன்னது அவர் காதில் கொஞ்ச நேரம் நின்றது.

"மேஸ்திரியைக் கணக்குல சேர்க்காதீங்க. அவர் விட்டுட்டாரே, உங்களுக்குத் தெரியாதா? டாக்டர் ஒரேயடியா நிறுத்தச் சொல்லிட்டாராம்."

"உனக்கு யார் சொன்னா?"

"அவர் வீட்டுக்காரிதான். அவளும் நானும் பேசிக்குவோம்." பக்கத்தில் குழாயில் தண்ணீர் கொட்டும் சத்தம் கேட்டது. அவள் வேலை செய்துகொண்டே பேசினாள். "அக்கவுன்டன்ட் சிவப்பு மட்டும்தான் குடிப்பார். ஆபீஸ் டூர் போனப்போ பார்த்திருக்கேன். கிளாஸ் காலியானா கேட்கமாட்டார், காலி கிளாஸையே உருட்டிட்டு உட்கார்ந்திருப்பார். நீங்கதான் பார்த்து ஊத்தணும். ஸ்டோர்ல இருக்காரே ஒரு ஒல்லி மனுஷன், அவருக்கு வாசனையே ஆகாது. மத்த சின்னப் பசங்க என்ன, ஆளுக்கு ஒரு கிளாஸ், ரெண்டு கிளாஸ். வெள்ளையும் கொஞ்சம் வாங்கி ஃபிரிட்ஜ்ல வைங்க. அஞ்சு பாட்டில் தாராளம்."

"பதினொரு பேருக்கு அஞ்சு பத்துமா?"

"பத்துன்னுதானே சொன்னீங்க. பதினொண்ணு யாரு?"

அவளையும் சேர்த்து எண்ணிவிட்டிருந்தார் அவர். தண்ணீர்ச் சத்தம் நின்றது. பேரன் எதற்கோ பாட்டியைக் கூப்பிட்டான்.

"கிளாஸெல்லாம் சமையலறை மேல் ஷெல்ஃப்ல துணி சுத்தி வெச்சிருக்கேன்" என்றாள் அவள். "எடுத்துக் கழுவிட்டு வைங்க. சாப்பாட்டை வெளியே சொல்லிடுங்க, நீங்க ஒண்ணும் செய்யப் போகாதீங்க."

கடைக்காரம்மாவிடம் போய், மனப்பாடம் செய்த பையனைப் போல ஒப்பித்தார். அவர், "பரவாயில்லையே, விசாரிச்சுட்டீங்களே" என்று மெச்சினார். சேதாரத்துக்கு என்று ஒரு பாட்டில் கூடப் போட்டுக்கொண்டார் லிட்டர் சார். தொழில் புத்தி விடாது.

ஞாயிறு மதியம் எல்லோரும் சொல்லிவைத்தாற்போல் ஒன்றாக வந்து இறங்கினார்கள். வந்தவர்களில் பாதிப்பேர் கையில் ஆளுக்கொரு பாட்டில். வெறுங்கையோடு எப்படி வருவது என்று ஒவ்வொருவரும் தனித்தனியாக யோசித்திருக்கிறார்கள். மேஸ்திரி பழரசம் வாங்கி வந்திருந்தார். மேசைமேல் இடம் போதாமல் பாட்டில்கள் ஜன்னல் திண்டுக்குப் போயின. அத்தனை நாள் போட்ட எஸ்டிமேட் வாசலிலேயே கவிழ்ந்தது.

சுவர் வெள்ளைதான். மேஸ்திரி பந்தயத்தில் ஜெயித்தார். ஆனால் விரலை வைத்துத் தேய்த்துப் பார்த்துவிட்டு, "சார், மாவா உதிருதே. ஊருக்கெல்லாம் எஸ்டிமேட் போடறீங்க, சொந்த வீட்டை இப்படி விட்டிருக்கீங்களே" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். அவரும் சிரித்தார். நாற்காலி பற்றாமல் இரண்டு பேர் கட்டிலில் உட்கார்ந்தார்கள். பேச்சு அலுவலகத்தில் ஆரம்பித்து, அங்கேயே சுற்றி, மெல்ல வெளியே வந்தது. அந்த வீட்டில் அவ்வளவு சத்தம் கேட்டு எவ்வளவோ காலம் ஆகியிருந்தது. அக்கவுன்டன்ட் காலி கிளாஸை உள்ளங்கையில் உருட்டிக்கொண்டிருப்பதைப் பார்த்து, லிட்டர் சார் எழுந்து போய்ச் சிவப்பை ஊற்றினார்.

"எப்படி சார் கண்டுபிடிச்சீங்க?" என்று அக்கவுன்டன்ட் நெகிழ்ந்துபோனார். "என் வீட்டுல இருக்கிறவங்களுக்கே இது தெரியாது." அந்தப் பெருமை தன்னுடையது அல்ல என்று லிட்டர் சார் சொல்லவில்லை.

"அம்மா எப்ப சார் வர்றாங்க?" என்று அக்கவுன்டன்டே அடுத்ததாகக் கேட்டார்.

"வருவா. பேரனுக்கு லீவு விட்டதும்" என்றார் இவர், அந்த நிமிடம் வாயில் வந்ததை.

தட்டுகளை எடுத்துக்கொண்டு சமையலறைக்குப் போனார். பின்னாலேயே மேஸ்திரி வந்தார், உதவி செய்கிற சாக்கில். ஒரு தட்டை வாங்கிக் கழுவுதொட்டியில் வைத்துவிட்டு, கதவுப் பக்கம் ஒருமுறை பார்த்துக்கொண்டார்.

"சார், தப்பா எடுத்துக்காதீங்க. அம்மா வருவாங்கன்னு சொன்னீங்களே."

"ம்."

"அவங்க அங்கேயே தங்கிடறதுக்கு ஏற்பாடு பண்ணிட்டாங்கன்னு வீட்டுக்காரி சொன்னா. அனுமதிகூட வந்துடுச்சாம். எல்லார் முன்னாடியும் சொல்ல வேண்டாம்னுதான் மழுப்பறீங்களோன்னு நினைச்சேன். ஆனா உங்க முகத்தைப் பார்த்தா..."

லிட்டர் சார் குழாயைத் திறந்தார். ஒரே தட்டைத் திரும்பத் திரும்பக் கழுவினார். "தெரியும்" என்றார். "எனக்குத் தெரியாம இருக்குமா?"

"அதானே" என்றார் மேஸ்திரி. துண்டை எடுத்துக் கிளாஸ்களைத் துடைத்துத் துடைத்து வரிசையாக வைத்தார். வெளியே யாரோ பாட்டுப் போட்டார்கள். பிறகு லிட்டர் சார் முகத்தைக் கழுவிக்கொண்டு, வெள்ளை வைனை எடுத்துக்கொண்டு ஹாலுக்குப் போனார். யாருக்கு வேண்டும் என்று கேட்டு ஊற்றினார். குறை வைக்கவில்லை.

வெயில் இறங்குவதற்குள் எல்லோரும் கிளம்பினார்கள். படியில் இறங்கும் சத்தம் தேய்ந்து, தெருவில் வண்டிகள் கிளம்பும் சத்தம் கேட்டு, அதுவும் நின்றது. அவர் பாட்டில்களைச் சுவரோரமாக எடுத்து வைத்தார். வாங்கியதைவிட மிச்சம் அதிகமாக இருந்தது. ஒரு நிறைந்த கிளாஸ் மட்டும் திரைச்சீலைக்குப் பின்னால் ஒளிந்தாற்போல் நின்றது. டிராயிங் போடும் பெண் உட்கார்ந்திருந்த இடம் அது. உதடு பட்ட தடம்கூட இல்லை.

ஃபோன் அடித்தது. மனைவிதான்.

"போதுமா இருந்துச்சா?"

"மிச்சமாயிடுச்சு. ஆளாளுக்கு ஒண்ணு தூக்கிட்டு வந்துட்டாங்க. கடையே வைக்கலாம்."

அவள் சிரித்தாள். வாய்விட்டு அவள் சிரித்து அவர் கேட்டு நாளாகியிருந்தது. அந்தச் சிரிப்பு அடங்கும்வரை காத்திருந்தார். பிறகு, அதே குரலில், "அங்கேயே தங்கிடப் போறியா?" என்றார்.

யார் சொன்னார்கள் என்று அவள் கேட்கவில்லை.

"ஆமாங்க."

"சொல்லியிருக்கலாமே."

"ஒவ்வொரு வாரமும் சொல்லணும்னுதான் ஃபோனை எடுப்பேன். நீங்க கேஸ் வந்துடுச்சும்பீங்க. நான் சரிம்பேன். உங்க மேல எனக்குக் கோபம் ஒண்ணும் கிடையாது. நீங்க ஒரு கெடுதலும் பண்ணல. ஆனா இங்க காலையில எழுந்தா ஒருத்தன் என்னைத் தேடறான். அங்க நான் சாயங்காலம் வரைக்கும் பேசாம இருந்துட்டு, நீங்க வந்த பிறகும் பேசாம இருப்பேன். எனக்கு அது திரும்ப வேண்டாம்."

"நான் பேசியிருக்கணும்."

"நானும்தான். ரெண்டு பேருக்கும் வரல, விடுங்க." அப்புறம், "நீங்களும் இங்க வந்துடலாமே" என்றாள்.

அதை அவள் மனதாரச் சொன்னாள். ஆனால் சொல்வதற்கு முன் ஒரு கணம் தயங்கினாள். அவர் அந்தத் தயக்கத்தையும் கேட்டார்.

"வந்து பார்க்கிறேன்" என்றார். "பேரனைப் பார்த்துட்டு வர்றேன்."

"வாங்க. அவனும் கேட்டுட்டே இருக்கான்."

அதன்படி லீவு விட்டதும் போனார். ஒரு மாதம் இருந்தார். மனைவி பார்த்துப் பார்த்துக் கவனித்தாள். பேரனோடு பார்க்குக்குப் போனார். போகும்போதே குறித்த தேதியில் திரும்பியும் வந்தார். அதெல்லாம் பிறகு நடந்தது.

விருந்துக்கு மறுநாள் காலை, அலுவலகத்தில் டிராயிங் போடும் பெண்ணின் மேசைக்குப் போய் நின்றார். என்ன வேண்டும் என்பதுபோல் அவள் நிமிர்ந்து பார்த்தாள்.

"நேத்து நீ வைனைத் தொடவே இல்லையே. பிடிக்கலையா?"

அவள் பக்கத்து மேசையைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினாள். "இப்போ குடிக்கக் கூடாது சார். இன்னும் யாருக்கும் சொல்லல. எங்க வீட்டுக்குக்கூட."

அவருக்குப் புரிய ஒரு நிமிடம் ஆயிற்று. சந்தோஷம் என்று சொல்லிவிட்டு நகர்ந்திருப்பார், வழக்கமாக. நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். "வாந்தி, மயக்கம் ஏதாவது இருக்கா?" என்று கேட்டார்.

இருக்கிறது என்றாள். காலையில் பஸ் வாசனையே ஆகவில்லை என்றாள். பயமாக இருக்கிறது என்றாள். அவர் இடையில் புகாமல் கேட்டுக்கொண்டிருந்தார். சொல்லி முடித்ததும் அவளுக்கு முகம் தெளிந்தது.

"உங்க வீட்டு அம்மா எப்ப சார் வர்றாங்க? அவங்களைப் பார்க்கணும் போல இருக்கு. நேத்து எல்லாரும் அவங்களைப் பத்தியே பேசினாங்க."

"அவ வரமாட்டாம்மா" என்றார். "இனிமே அங்கதான்."

சத்தமாக அதை அவர் சொல்வது அதுதான் முதல்முறை. யாரோ ஒருவருடைய வீட்டுச் செய்தியை எடுத்துச் சொன்னதுபோல் இருந்தது. அந்தப் பெண் பேனாவைக் கீழே வைத்தாள். அவள் வேலையைத் தொடவில்லை, அவரும் உடனே எழுந்திருக்கவில்லை. சைட்டுக்குப் போக வண்டி வந்துவிட்டது என்று கீழேயிருந்து மேஸ்திரி குரல் கொடுக்கும்வரை அப்படியே உட்கார்ந்திருந்தார்கள்.